ஒரு இலட்சத்துப் பதினையாயிரத்து ஐந்நூறு ரூபாவும் நான் கேட்ட ஒரு கேள்வியும்

போன மாதம் எங்கள் விடுதிக்குப் புதிதாக வந்த தம்பியின் கட்டிலுக்குக் கீழே ஒரு பெட்டியைக் கண்டேன். வெளியே பெயரில்லை, விலாசமில்லை. பழுப்பு நாடாவால் மூன்று சுற்றுச் சுற்றிய கையளவுப் பெட்டி. அது என்னவென்று எனக்குக் கேட்காமலே தெரியும், ஆண்மைக்கு என்று இணையத்தில் விற்கும் குளிசை. அதே பெட்டி ஒரு காலத்தில் என் கட்டிலுக்குக் கீழேயும் இருந்தது. அன்றிரவு அவனை மெரின் டிரைவுக்குக் கூட்டிக்கொண்டுபோய், ரயில் பாதைக்குப் பக்கத்தில் உட்காரவைத்து, எனக்கு நடந்த எல்லாவற்றையும் சொன்னேன். பாதியிலேயே அவன் அழத் தொடங்கிவிட்டான். எனக்கு இப்படி ஒருவர் முன்கூட்டியே சொல்லியிருந்தால் என்ற ஆற்றாமை என்னைவிட்டு இன்னும் போகவில்லை. அதனால் எழுதுகிறேன். ஆட்களின் பெயரை மட்டும் விட்டுவிடுகிறேன்.

நான் வவுனியாவிலிருந்து 2017இல் கொழும்புக்கு வந்தவன். வெளிநாட்டு நிறுவனங்களுக்குக் கணக்கு எழுதிக் கொடுக்கும் அலுவலகம் ஒன்றில் வேலை. வெள்ளவத்தையில், காலி வீதியிலிருந்து கடலை நோக்கி இறங்கும் ஓர் ஒழுங்கையில் அறை. பாலியல் பற்றி என்னிடம் வாய்திறந்து பேசிய பெரியவர் ஒருவரும் இல்லை. பாடசாலையில் சுகாதாரப் பாடத்தில் அந்த அத்தியாயம் வந்தபோது, வீட்டில் வாசித்துக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டு ஆசிரியர் அடுத்த அத்தியாயத்துக்குப் போய்விட்டார். மிச்சத்தைக் கைத்தொலைபேசிதான் கற்றுத்தந்தது. 2020 மார்ச் 20ஆம் திகதி ஊரடங்கு போட்டார்கள். கொழும்பில் அது மே மாதக் கடைசி வரை நீண்டது. அந்த இரண்டு மாதத்தில், எப்போதாவது ஆபாசப் படம் பார்த்துக்கொண்டிருந்தது தினமும் பார்ப்பதாக மாறியது. பிறகு ஊரடங்கை எடுத்துவிட்டார்கள். என் பழக்கம் அப்படியே இருந்தது.

பார்ப்பது பாவமா இல்லையா என்ற பேச்சுக்கு நான் வரவில்லை. நான் சொல்ல வருவது வேறு. அந்தத் தளங்களைத் திறந்தவுடன் முதலில் தெரிவது தட்டுகள். கடையில் பருப்பு ஒரு தட்டு, மா ஒரு தட்டு, சவர்க்காரம் ஒரு தட்டு என்று அடுக்கியிருப்பதுபோல மனிதர்களை இனம் இனமாகப் பிரித்து அடுக்கியிருப்பார்கள். வெள்ளையர் எல்லாருக்கும் பொதுவானவர்கள், அவர்களுக்குத் தனித் தட்டு பெரும்பாலும் தேவைப்படுவதில்லை. மற்றவர்களுக்குத்தான் தட்டு. கிழக்காசியப் பெண் என்றால் அடக்கமானவள், சொன்னதைச் செய்பவள். கறுப்பின ஆண் என்றால் உடம்பு மட்டும்தான், பல காட்சிகளில் அவனுக்கு வசனம்கூட இருக்காது. கறுப்பினப் பெண்களின் தட்டுக்கு 'எபனி' என்று பெயர். எபனி என்றால் கருங்காலி. நம்முடைய உலர்வலயக் காடுகளில் வளரும், முதிரை, பாலையோடு சேர்த்து நாம் சொல்லும் அந்த மரம். தளபாடம் செய்யும் மரத்தின் பெயரை ஒரு பெண்ணுக்கு ஒட்டியிருக்கிறார்கள், நான் அதைப் பல வருடம் ஒரு சொல்லாகக்கூட நின்று யோசிக்காமல் அழுத்தியிருக்கிறேன்.

அந்த வகுப்புகள் எல்லாம் கற்பனை, எனக்குத் தெரியும் என்றுதான் நானும் நினைத்தேன். நீங்களும் அப்படி நினைக்கலாம். ஆனால் ஒன்றை அழுத்தினால் அதே மாதிரி இருபதை அந்தத் தளம் முன்னால் கொண்டுவந்து வைக்கும். ஆயிரம் இரவு ஒரே பாடத்தைக் கேட்டால் மனம் அதை மனப்பாடம் செய்துவிடும், நம்புகிறோமா என்று நம்மைக் கேட்காது. 2023இல் ஒரு ஞாயிறு கல்கிசைக் கடற்கரைக்கு அலுவலக நண்பர்களோடு போயிருந்தேன். ரஷ்யப் பயணிகள் நிறையப் பேர் வந்திருந்த காலம். மணலில் படுத்துப் புத்தகம் வாசித்துக்கொண்டிருந்த ஒரு பெண்ணுக்குப் பத்தடி தூரத்தில் நாங்கள் நான்கு பேரும் போய் உட்கார்ந்தோம். ஒரு வார்த்தை பேசவில்லை. பார்த்தோம், அவ்வளவுதான். அவர் இரண்டு தடவை திரும்பிப் பார்த்தார். பிறகு துவாயைச் சுருட்டி, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, ஒரு குடும்பம் உட்கார்ந்திருந்த இடத்துக்குப் பக்கத்தில் போய் அமர்ந்தார். வெள்ளைக்காரிகள் எதற்கும் தயார் என்ற எண்ணம் என் தலைக்குள் எங்கிருந்து வந்தது? ஒரு வெள்ளைக்காரப் பெண்ணோடு ஐந்து நிமிடம் பேசியிராத ஆள் நான்.

நம்மவர்களுக்கும் ஒரு தட்டு இருக்கிறது. தமிழ், யாழ்ப்பாணம், சிலோன் என்று நம் ஊர்ப் பெயர்களைத் தலைப்பில் போட்டு வருபவை. அவற்றில் பல, நடிகர்கள் நடித்தவை அல்ல. காதலித்தவன் கைவிட்டபின் போட்டவை, ஒளித்துவைத்த கமராவில் எடுத்தவை. ஒருநாள் அப்படி ஒன்று ஓடிக்கொண்டிருந்தபோது, பின்னால் குக்கர் விசில் அடித்தது. அடுத்த அறையிலிருந்து ஒரு வயதான அம்மா, "அடுப்பை நிற்பாட்டு பிள்ளை" என்று குரல் கொடுத்தார். அது வீடு. எங்கள் வீடு மாதிரி ஒரு வீடு. அந்தப் பிள்ளைக்குத் தன்னை யாரோ பார்க்கிறார்கள் என்பதே தெரியாது. கைத்தொலைபேசியைத் தலைகீழாகக் கவிழ்த்து வைத்துவிட்டு விடியும்வரை கிடந்தேன். 2020 டிசம்பரில் இத்தகைய முறைப்பாடுகள் பெரிதாக வெடித்து, கடனட்டை நிறுவனங்கள் கொடுப்பனவை நிறுத்தியபோது, உலகின் மிகப் பெரிய தளமொன்று பதிவேற்றியவர் யாரென்று உறுதிசெய்யப்படாத காணொளிகளை இலட்சக்கணக்கில் நீக்கியது. அத்தனை இலட்சம், அதுவரை அங்கே இருந்திருக்கின்றன என்பதுதான் அதன் பொருள். இந்த இடத்தில் மட்டும் நான் கண்டிப்பாகவே சொல்வேன்: நம் ஊர்ப் பெயர் போட்டு வரும் எதையும் திறக்காதீர்கள், யாருக்கும் அனுப்பாதீர்கள்.

2023 கடைசியில் வீட்டில் கல்யாணப் பேச்சுக்கால் தொடங்கியது. பெண் திருகோணமலையில் ஆசிரியை. படத்தைப் பார்த்ததும் எனக்கு முதலில் தோன்றியது, நிறம் கொஞ்சம் குறைவு என்பது. அவருடைய நிறம் என்னுடைய நிறம்தான். அதை நான் கவனிக்கவே இல்லை. தொலைபேசியில் பேசப் பேச அவரை எனக்கு நன்றாகப் பிடித்துப்போனது, சம்மதம் சொன்னேன். சம்மதம் சொன்ன நாளிலிருந்து பயம் பிடித்துக்கொண்டது. மனிதர்களை அடுக்கிவைத்த அந்தத் தட்டுகளில் எங்களைப் போன்ற ஆண்கள் எங்கே இருந்தார்கள்? அடித்தட்டில். உடம்பில் ஆகக் குறைந்தவர்கள், கேலிக்குரியவர்கள். குளியலறையில் கண்ணாடி முன் நின்று என்னை நானே அளக்கத் தொடங்கினேன். அடிமட்டம் வைத்துக்கூட அளந்தேன். ஒவ்வொரு முறையும் வெளியே வரும்போது இந்தக் கல்யாணத்தை நிறுத்திவிடலாமா என்று யோசித்தேன்.

அந்த நேரம் பார்த்துத்தான் பேஸ்புக்கில் விளம்பரம் வந்தது. தமிழிலேயே இருந்தது. "ஆபிரிக்க மூலிகை, மூன்று மாதத்தில் மாற்றம்" என்று ஒரு கறுப்பின மனிதரின் படத்தோடு. வட்ஸ்அப்பில் எழுதினேன். தன்னை ஆலோசகர் என்று சொல்லிக்கொண்ட ஒருவர் மிக மரியாதையாக, "அண்ணா, வெட்கப்படாதீர்கள், உங்களைப் போல நிறையப் பேருக்குச் செய்திருக்கிறோம்" என்று பதில் போட்டார். முதல் பெட்டிக் குளிசை 14,500 ரூபா. அளவைத் தீர்மானிக்கப் படம் ஒன்று வேண்டும் என்றார். முகமும் தெரிய வேண்டும், அப்போதுதான் உடல்நிலை விளங்கும் என்றார். இன்று அதை எழுதும்போது என் கை கூசுகிறது, ஆனால் அன்று அனுப்பினேன். ஒரு மருந்துக்கும் யாருக்கும் அப்படிப் படம் தேவையில்லை. கேட்ட அந்த நொடியிலேயே இலக்கத்தைத் தடைசெய்யுங்கள். ஒரு மாதத்தில் இரண்டாம் கட்டம் என்று 28,000. அதோடு பயன்படுத்த ஒரு காற்றுப் பம்பு 22,000. என் மாதச் சம்பளம் அப்போது 95,000.

இந்தக் காலத்தில்தான் அந்தக் கேள்வியைக் கேட்டேன். எங்கள் விடுதியின் மாடியில் கானா நாட்டுக்காரர் ஒருவர் இருந்தார், இன்னும் இருக்கிறார். கொழும்பில் ஓர் உதைபந்தாட்டக் கழகத்துக்கு விளையாட வந்தவர். பொதுச் சமையலறையில் தக்காளியும் மிளகாயும் அரைத்து, எங்கள் தக்காளிச் சாதம் போலவே ஒன்று செய்வார், கேட்காமலே எனக்கும் ஒரு கோப்பை வைப்பார். ஒரு மாலை அவர் அடுப்பில் கிளறிக்கொண்டிருந்தபோது, உங்கள் ஊர் ஆண்களைப் பற்றிச் சொல்வது உண்மையா, ஏதாவது மூலிகை இருக்கிறதா என்று கேட்டேன். நான் சிரித்துக்கொண்டுதான் கேட்டேன். அவர் சிரிக்கவில்லை. அடுப்பை அணைத்தார். அகப்பையைச் சட்டியின் விளிம்பில் இரண்டு தடவை தட்டி, சுத்தமாக வழித்து, கீழே வைத்தார். "நான் கட்டுநாயக்காவில் இறங்கிய நாளிலிருந்து இந்த ஊரில் எல்லாரும் என்னிடம் இதைத்தான் கேட்கிறார்கள். முச்சக்கர வண்டிக்காரரும் கேட்டார், கழகத்தில் கூட விளையாடுபவர்களும் கேட்டார்கள். என் பெயருக்கு என்ன அர்த்தம் என்று ஒருவர் கேட்டதில்லை. நீங்களும் ஒன்றரை வருடமாக என் சோற்றைச் சாப்பிடுகிறீர்கள்" என்றார். சட்டியை அங்கேயே விட்டுவிட்டு மேலே போய்விட்டார். அன்று நான் தலைகுனிந்ததற்குக் காரணம், அவர் சொன்னது உண்மை என்பதுதான். பெயர் தெரியும். அர்த்தம் கேட்டதில்லை.

இரண்டாம் கட்டக் குளிசையில் விரைவான பலனுக்காக ஒன்றுக்குப் பதில் இரண்டு போட்டேன். மறுநாள் காலை 100ஆம் இலக்க பஸ்ஸில் நின்றுகொண்டு போகும்போது முகம் கொதித்தது, தலை வெடித்தது, வெளியே பார்த்தால் எல்லாவற்றிலும் ஒரு நீலச் சாயல். பம்பலப்பிட்டியில் இறங்கி நடைபாதையில் உட்கார்ந்துவிட்டேன். அருகிலிருந்த ஒரு வைத்தியரிடம் ஒரு பழக்கடைக்காரர்தான் கைப்பிடித்துக் கூட்டிப்போனார். வயதான தமிழ் வைத்தியர். இரத்த அழுத்தம் பார்த்து, இதயத் துடிப்புப் பதிவு எடுத்து, இரத்தப் பரிசோதனைக்கும் எழுதினார். மொத்தம் 11,000 முடிந்தது. குளிசையைக் காட்டினேன். மூலிகை என்று விற்கும் இந்த வகைக் குளிசைகளுக்குள் சில்டெனாபில், அதாவது வயக்ராவில் உள்ள மருந்தையே, அளவு கணக்கில்லாமல் கலந்துவிடுவது உலகம் முழுவதும் பிடிபட்டிருக்கிறது என்றும், அந்த நீலப் பார்வை அதன் அடையாளம் என்றும் சொன்னார். "தம்பி, உங்களுக்கு இளம் வயது, தப்பினீர்கள். நெஞ்சுவலிக்கு நாக்கின்கீழ் குளிசை வைக்கும் ஒருவர் இதைப் போட்டிருந்தால், இரத்த அழுத்தம் விழுந்து ஆளே முடிந்திருப்பார்." என் அப்பா அந்தக் குளிசை வைப்பவர். பெட்டியில் தேசிய மருந்துகள் ஒழுங்குபடுத்தல் அதிகாரசபையின் பதிவு இல்லாத எதையும் விழுங்காதீர்கள். பம்பு பற்றிக் கேட்டேன். மருத்துவத் தேவைக்கு வைத்தியர் சொல்லிப் பாவிப்பது வேறு, இப்படிக் கண்டபடி பாவித்தால் இரத்தக் குழாய் காயப்படும், நீளம் அதிகரிக்காது என்றார்.

பிறகு அவர் மருந்துச் சீட்டைத் திருப்பி, பின்பக்கத்தில் பேனாவால் ஒரு மலை வரைந்தார்: நடுவில் நிறையப் பேர், ஓரங்களில் சிலர். 2015இல் லண்டன் கிங்ஸ் கல்லூரி ஆய்வாளர்கள் 15,521 ஆண்கள் வரை அடங்கிய, பல நாடுகளில் நடந்த ஆய்வுகளை ஒன்றுசேர்த்து, ஆணுறுப்பின் சராசரி நீளத்தைக் கணக்கிட்டார்கள். ஆண்கள் தாங்களே சொன்ன அளவுகளை எடுக்கவில்லை, மருத்துவப் பணியாளர்கள் அளந்ததை மட்டும் எடுத்தார்கள். விறைப்பு நிலையில் சராசரி 13.12 சென்ரிமீற்றர். நூறு பேரில் ஐந்து பேர்தான் 16 சென்ரிமீற்றரைத் தாண்டுகிறார்கள். மலையின் வலது ஓரத்துச் சின்னச் சரிவைப் பேனாவால் கறுப்பாக்கிக் காட்டினார். "நீங்கள் பார்க்கும் படங்களில் வருபவர்கள் எல்லாரும் இந்த மூலையிலிருந்து பொறுக்கி எடுக்கப்பட்டவர்கள். அதற்கு மேல் கமராவின் கோணம், ஊசி மருந்து, வெட்டி ஒட்டிய காட்சி." இனத்துக்கு இனம் வித்தியாசம் இல்லையா என்று கேட்டேன். அந்த ஆய்விலிருந்து இனங்களுக்கு இடையே வேறுபாடு உண்டு என்று எந்த முடிவுக்கும் வர முடியாது என்று ஆய்வாளர்களே எழுதியிருக்கிறார்கள் என்றார். பிறகு என்னைப் பரிசோதித்துவிட்டு, நான் மலையின் நடுவில் நிற்கிறேன் என்று சொன்னார். நான்கு மாதமாக நான் தின்ற பயத்துக்கு அந்த ஒரு நிமிடம் போதுமாக இருந்தது. ஆரம்பத்திலேயே ஒரு வைத்தியரிடம் போயிருந்தால் சில ஆயிரங்களோடு முடிந்திருக்கும். கொழும்பில் இருப்பவர்கள் புல்லர்ஸ் ஒழுங்கையில் உள்ள குடும்பத்திட்டச் சங்கத்திடம் கேட்கலாம், அது 1953இலிருந்து இயங்குகிறது. இரவில் மனம் தாங்காவிட்டால் தேசிய மனநல நிறுவகத்தின் 1926.

குளிசையை நிறுத்திவிட்டேன், பணத்தைத் திருப்பித் தாருங்கள் என்று அந்த 'ஆலோசகருக்கு' எழுதினேன். அரை மணித்தியாலத்தில் என் படம் எனக்கே வந்தது. கீழே என் அலுவலகத்தின் பெயர், என் தங்கையின் பேஸ்புக் கணக்கு, எனக்கு நிச்சயிக்கப்பட்டவரின் கணக்கு. 40,000 கேட்டார். கட்டினேன். ஒன்பதாம் நாள் மறுபடி கேட்டார். ஒருமுறை கொடுத்தவன் மறுமுறையும் கொடுப்பான் என்று அவர்களுக்குத் தெரியும், எனக்குத்தான் தெரியவில்லை. அன்றிரவு மாடிப் படிக்கட்டில் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். பயிற்சி முடித்து வந்த அந்தக் கானா நண்பர் என்னைத் தாண்டிப் போயிருக்கலாம். போகவில்லை. பையை இறக்கிவிட்டுப் பக்கத்தில் உட்கார்ந்தார். எல்லாம் சொன்னேன், அந்த விளம்பரத்தில் யாருடைய படம் போட்டிருந்தார்கள் என்பதையும். அவர் நீண்டநேரம் பேசவில்லை. பிறகு, இனி ஒரு சதமும் கட்டாதீர்கள், எதையும் அழிக்காதீர்கள் என்றார். உரையாடல், வங்கி இலக்கம், கட்டிய சீட்டு எல்லாவற்றையும் படமெடுத்து வைத்தோம். காலையில் இலங்கை கணினி அவசர பதிலளிப்பு நிலையத்தின் 101ஐ அழைத்து, அவர்கள் சொன்னபடி பொலிஸிலும் முறைப்பாடு கொடுத்தேன். அவர் வேலைக்குப் போகாமல் கூடவே வந்தார். படம் எங்கும் வரவில்லை. ஆனால் எல்லாருக்கும் அப்படி முடியும் என்று நான் சொல்ல மாட்டேன். நம்பிக்கையான ஒருவரிடம் முதல் நாளே சொல்லுங்கள், மிரட்டுபவருக்கு நம் தனிமைதான் மூலதனம்.

அதன்பிறகு வந்த வாரங்களில் நானும் அந்தக் கானா நண்பரும் நிறையப் பேசினோம். ஒரு மாலை கோட்டையில் பழைய ஒல்லாந்தர் வைத்தியசாலைக் கட்டடத்தைப் பார்த்துவிட்டு, எங்கள் கரையிலும் இவர்களுடைய சுவர் இருக்கிறது என்றார் அவர். கானாக் கரையில் உள்ள எல்மினாக் கோட்டையை 1482இல் போர்த்துக்கீசர் கட்டினார்கள், 1637இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள். அடிமைகளாக விற்கப்பட்டவர்களைக் கப்பலேற்றுமுன் அந்தக் கரையில் ஆடையை உரிந்து நிறுத்தி, பல்லையும் தசையையும் சோதித்து விலை போட்டார்கள். "உடம்பை மட்டும் பார்ப்பது அங்கே பழகிய கண்" என்றார். அதே இரண்டு கூட்டமும் ஆபிரிக்கர்களை இலங்கைக்கும் கொண்டுவந்தார்கள், அவர்களின் வழிவந்தவர்கள் இன்றும் புத்தளம் பக்கம் சிறாம்பியடியில் வாழ்கிறார்கள் என்று நான் சொன்னபோது அவருக்கு ஆச்சரியம். நான் தேடி வாசிக்கத் தொடங்கியது அப்போதுதான். தென்னாபிரிக்காவின் சாரா பார்ட்மனை, அவருடைய உடலமைப்புக்காகவே, 1810இல் லண்டனில் கட்டணம் வாங்கிக் காட்டினார்கள். 1815இல் பாரிஸில் இறந்தபின்னும் விடவில்லை. அவருடைய எலும்புக்கூட்டை அங்குள்ள அருங்காட்சியகம் 1974 வரை காட்சிக்கு வைத்திருந்தது, 2002இல்தான் சொந்த மண்ணில் புதைத்தார்கள். பிறகு நம்மைப் பற்றியும் வாசித்தேன். 1880களில் ஜேர்மனியின் கார்ல் ஹாகன்பெக் இலங்கையிலிருந்து யானைகளோடு மனிதர்களையும் கொண்டுபோய் ஐரோப்பிய நகரங்களில் காட்சிக்கு நிறுத்தினார். நான் சிறுவயதில் அப்பாவின் தோளில் இருந்து பார்த்த தெஹிவளை மிருகக்காட்சிசாலையைத் தொடங்கியதே அதே குடும்பத்து ஜோன் ஹாகன்பெக். நான் மேலே, நீ கீழே என்று நாங்கள் இருவரும் நம்பிக்கொண்டிருந்த தட்டில், எங்கள் இரண்டு பேரின் முன்னோரையும் ஒரே மாதிரியான கைகள்தான் ஏற்றியிருக்கின்றன.

எனக்கு நிச்சயிக்கப்பட்டவரிடம் கல்யாணத்துக்கு முன்பே சொன்னேன். முழுவதையும் சொல்ல மூன்று அழைப்புகள் எடுத்தன. மூன்றாவது நாள் அவர், "நானும் ஒன்று சொல்லவா?" என்று கேட்டுவிட்டு, தான் ஒரு வருடமாகப் பூசிவரும் வெள்ளையாக்கும் கிரீமைப் பற்றிச் சொன்னார். உற்பத்தி செய்தவர் பெயரில்லாத டப்பா. முகத்துக்கு மட்டுமல்ல, படங்களில் வரும் பெண்களுக்கு உடம்பில் எங்கேயும் கருமை இருக்காது என்று ஒரு தோழி சொன்னதால் மற்ற இடங்களுக்கும். அவர் அந்தப் படங்களைப் பார்த்ததே இல்லை. பார்க்காதவரின் தோலிலும் அது ஏறிவிட்டது. தோல் எரிந்து சிவந்து, வெயிலில் நிற்க முடியாமல் வகுப்புக்குக் குடையோடு போயிருக்கிறார். இத்தகைய கிரீம்களில் பாதரசம் இருப்பதுண்டு, அது சிறுநீரகத்தைக் கெடுக்கும். அழகுசாதனத்தில் பாதரசம் சேர்க்கவே கூடாது என்பது இலங்கையும் சேர்ந்த மினமாட்டா உடன்படிக்கையின் விதி. டப்பாவில் கலோமல், மெர்குரஸ் குளோரைட், மெர்குரி என்று எந்த வடிவில் இருந்தாலும், அல்லது உள்ளடக்கமே எழுதாமல் இருந்தாலும், தொடாதீர்கள். படத்தைப் பார்த்தபோது நிறம் குறைவு என்று நான் நினைத்ததை அவரிடம் சொல்லாமல் விட முடியவில்லை. சொன்னேன். இரண்டு நாள் பேசவில்லை. பேசாமலிருக்க அவருக்கு உரிமை இருந்தது. மூன்றாம் நாள் அழைத்து, டப்பாவை எறிந்துவிட்டேன் என்றார்.

நான் முற்றாக மாறிவிட்டேன் என்று சொல்லவில்லை. படுக்கையறைக்குக் கைத்தொலைபேசியைக் கொண்டுபோவதில்லை, சமையலறை அலுமாரியின் மேல்தட்டில் வைத்துவிட்டுத்தான் தூங்கப்போகிறேன். முதல் மூன்று வாரம் கொடுமையாக இருந்தது. சில மாதங்களுக்குப் பிறகு ஒருநாள் பஸ்ஸில் எதிரே வந்து உட்கார்ந்த ஒரு வெளிநாட்டுப் பெண்ணின் முகத்தை மட்டும் பார்த்துவிட்டு ஜன்னல் பக்கம் திரும்பினேன். அது எனக்கு எவ்வளவு பெரிய விடயம் என்று இந்தப் பழக்கத்தில் இருந்தவர்களுக்குத் தெரியும்.

நண்பரிடம் அவருடைய பெயருக்கு அர்த்தம் கேட்டேன், அந்தச் சமையலறையிலேயே. அவருடைய மக்களிடையே குழந்தை எந்தக் கிழமையில் பிறக்கிறதோ அந்தக் கிழமைக்கு உரிய பெயர் ஒன்று உண்டாம். அவருடையது வெள்ளிக்கிழமைப் பெயர். நீங்கள் என்ன கிழமை என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை. அம்மாவை அழைத்தேன். "வியாழக்கிழமை தம்பி, விடிய நாலு மணி. நல்ல மழை. ஆஸ்பத்திரிக்கு உன்னுடைய மாமா சைக்கிளில்தான் கூட்டிப்போனான். ஏன் இப்போது கேட்கிறாய்?" ஒலிபெருக்கியில் அம்மாவின் குரலைக் கேட்டுக்கொண்டே அவர் எனக்கும் ஒரு கோப்பை சோறு போட்டார். வியாழனில் பிறந்த ஆண் யாவ். இப்போது மாடியிலிருந்து அவர் அந்தப் பெயரைச் சொல்லித்தான் என்னைக் கூப்பிடுகிறார்.